நின்ற பால் உறையும்

அதிகாலை மூன்றரைக்கு அப்பா நெற்றியில் விளக்கைக் கட்டிக்கொண்டு பால்வெட்டக் கிளம்புவார். குலசேகரத்துக்குக் கிழக்கே, மலையடிவாரத்தில் இன்னொருவருக்குச் சொந்தமான ரப்பர் தோட்டம். முந்நூறு மரம் அப்பாவின் கணக்கு. வெயில் ஏறும் முன்னால்தான் மரத்துக்குள் அழுத்தம் நிறைந்திருக்கும், அப்போது வெட்டினால்தான் பால் நன்றாக இறங்கும். பள்ளிக்கூடம் இல்லாத நாட்களில் நானும் கூடப் போவேன். முந்தின வெட்டில் பட்டைமேல் காய்ந்து கிடக்கிற ஒட்டுப்பாலை உரித்துக் கூடையில் போடுவதும், சிரட்டைகளைத் துடைத்து வைப்பதும் என் வேலை.

சிரட்டை விஷயத்தில் அப்பா விட்டுக்கொடுக்கவே மாட்டார். உள்ளே பழைய பாலின் தோல் அரைகுறையாகப் பிரிந்து ஆடிக்கொண்டிருந்தால் திருப்பி என் கையில் கொடுத்துவிடுவார். "ஒண்ணு முழுசா ஒட்டி நிக்கணும், இல்லேன்னா முழுசா உரிஞ்சு போவணும். பாதி விட்டு ஆடுனா புதுப்பாலு அதைப் புடிச்சாக்கும் உறையத் தொடங்கும், கேட்டியா?" பாலை எடுத்து வரும்போதும் அப்படித்தான். வாளியை வழியில் இறக்கி வைத்துப் பேசிக்கொண்டு நிற்க விடமாட்டார். "நின்ன பாலு உறையும் மக்களே."

செயற்கை இதயத்துக்கான இரத்தப் பம்புகளை வடிவமைப்பதில் எனக்கு 23 வருடம் போயிருக்கிறது. பெரும்பகுதி அமெரிக்காவில், பெயர் சொன்னாலும் யாருக்கும் தெரியாத சின்ன நிறுவனங்களில். ஊருக்குத் திரும்பிய பிறகு சொந்தக்காரர்கள், பக்கத்து வீட்டுப் பிள்ளைகள், கல்லூரியில் பேசக் கூப்பிடுகிறவர்கள் எல்லோரும் அந்த வேலை எப்படிப்பட்டது என்று கேட்கிறார்கள். ஒவ்வொரு தடவையும் சிரட்டையில் இருந்துதான் தொடங்குகிறேன்.

பம்பு செய்வது கடினமே இல்லை. ஓய்வாக இருக்கிறபோது நம் இதயம் நிமிடத்துக்கு 5 லிட்டர் அளவுக்கு இரத்தத்தைத் தள்ளுகிறது. அந்த வேலையைக் கணக்குப் போட்டால் ஒரு வாட்டைச் சுற்றித்தான் வரும். சைக்கிள் டயரில் உரசி விளக்கெரிக்குமே பழைய டைனமோ, அது தருவதைவிடக் குறைவு. வாழைத் தோட்டத்துக்குத் தண்ணீர் இறைக்கும் மோட்டாரைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இது ஒரு பெரிய காரியமாகவே தோன்றாது. கஷ்டம் முழுக்க உள்ளே ஓடுகிற திரவத்தில் இருக்கிறது.

சிவப்பணு ஒன்றின் அகலம் ஒரு மில்லிமீட்டரில் நூற்றில் ஒரு பங்குகூட இல்லை. வேகமாகச் சுழலும் இறக்கைக்கும் சுவருக்கும் இடையில் மாட்டினால் அது கிழிந்துவிடும். உள்ளே இருக்கிற ஹீமோகுளோபின் வெளியே கசிந்து, தெளிவாக இருக்க வேண்டிய பிளாஸ்மா இளஞ்சிவப்பாகும். அதைச் சுமந்து சுமந்து சிறுநீரகம் களைத்துப்போகும். சரி என்று வேகத்தைக் குறைத்தால் ஏதாவது ஒரு மூலையில் இரத்தம் தயங்கி நிற்கும். நின்றால் உறையும். உறைந்த துணுக்கு பிய்த்துக்கொண்டு போய் மூளையில் அடைத்தால் பக்கவாதம். தேங்கவும் விடக் கூடாது, அடிபடவும் விடக் கூடாது. இந்த இரண்டுக்கும் நடுவில் இருக்கிற ஒடுக்கமான வரப்பில்தான் எங்கள் தொழிலே நடக்கிறது.

சின்ன வயதில் மாத்தூர் தொட்டிப்பாலத்துக்குக் கூட்டிப்போவார்கள். பறளியாற்றுக்கு மேலே 115 அடி உயரத்தில், 1966இல் கட்டிய பாலம். ஒரு மலையில் இருந்து இன்னொரு மலைக்குத் தண்ணீரைக் கொண்டுபோகும். நான் தொட்டிக்குள் இலைகளைப் போட்டுப் பார்ப்பேன். நடுவில் விழுந்த இலை பாய்ந்து போகும். ஓரத்தில் விழுந்தது சுவரைத் தொட்டுத் தொட்டு மெதுவாக நகரும். சுவரை ஒட்டி ஓடுகிற நீர் எப்போதுமே பின்தங்கும். பிற்காலத்தில் கண்ணாடி போன்ற அக்ரிலிக்கில் பம்பு செய்து, கிளிசரின் கலந்த தண்ணீருக்குள் நுண்துகள்களை விட்டு, லேசர் ஒளியில் படமெடுத்துப் பார்த்தபோது திரையில் தெரிந்தது அந்த ஓரத்து இலைதான்.

நான் இந்தத் துறைக்கு வந்தது என்னைப் பெற்ற அம்மையால். சிறுவயதில் தொண்டைப்புண்ணும் காய்ச்சலும் வந்து, மூட்டு வீங்கி, அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளாமல் விட்ட பெண்பிள்ளைகள் எங்கள் பக்கம் ஒருபாடு பேர். அந்த வாதக் காய்ச்சல் போகிற போக்கில் இதய வால்வைக் கெடுத்துவிட்டுப் போகும். அம்மைக்கு முப்பத்தைந்து வயதுக்குமேல் மூச்சு வாங்க ஆரம்பித்தது. சோறு வடிக்கும்போதே உட்கார்ந்துவிடுவாள். 1993இல் திருவனந்தபுரத்தில் ஸ்ரீசித்திரா மருத்துவமனையில் வால்வு மாற்றினார்கள். எனக்கு அப்போது 17 வயது. ஆபரேஷனுக்கு முந்தின நாள் ஒரு டாக்டர், மாதிரிக்கு வைத்திருந்த வால்வு ஒன்றை என் கையில் கொடுத்தார். உலோக வளையம், நடுவில் சாய்ந்து திறக்கிற வெள்ளை பிளாஸ்டிக் தட்டு, சுற்றிலும் தைப்பதற்கான துணி. குலுக்கினால் டிக் என்றது. "இது இங்கயே செஞ்சதுதான்" என்றார்.

அதை எப்படிச் செய்தார்கள் என்ற கதையைப் பிறகுதான் தேடிப் படித்தேன். அறுவை மருத்துவர் எம்.எஸ். வலியத்தானும் பொறியாளர் ஜி.எஸ். புவனேஷ்வரும் அவர்களுடைய குழுவும் பூஜப்புரையில் ஒரு பழைய அரண்மனைக் கட்டடத்தில் பத்து வருடத்துக்கு மேல் அந்த ஒரு வால்வுக்காக உழைத்திருக்கிறார்கள். முதல் மூன்று மாதிரிகளும் தோற்றன. ஒன்றில் பற்றவைத்த கம்பி முறிந்தது. ஒன்றில் செயற்கை நீலக்கல்லில் செய்த தட்டு உடைந்தது. நாலாவதில் பற்றவைப்பே வேண்டாம் என்று முடிவெடுத்து, ஒரே உலோகக் கட்டியில் இருந்து சட்டத்தைக் கடைந்தெடுத்து, தேய்மானம் தாங்கும் பாலிஎத்திலீன் தட்டைப் பொருத்தினார்கள். 1990 டிசம்பரில் முதல் நோயாளிக்கு வைத்தார்கள். மூன்று தோல்விக்குப் பிறகும் நாலாவதைத் தொடங்கிய அந்தக் காலையை நான் அடிக்கடி நினைத்துக்கொள்வேன். அவர்கள் மூன்றோடு நிறுத்தியிருந்தால் எங்கள் வீட்டில் அதற்குப் பிறகு யார் சோறு வடித்திருப்பார்கள்?

அம்மை வீட்டுக்கு வந்த பிறகு ராத்திரி அமைதியானதும் அந்தச் சத்தம் கேட்கும். டிக், டிக், டிக். தம்பி பயந்தான். நான் எண்ணினேன். ஒரு நாளைக்கு ஏறக்குறைய ஒரு லட்சம் தடவை. வருடத்துக்கு மூன்றரைக் கோடிக்கு மேல். எந்த மோட்டாரும் எந்தக் கதவும் எந்தக் கீலும் அப்படி வேலை செய்வதை நான் பார்த்ததில்லை. மறு வருடம் மெக்கானிக்கல் பிரிவு வேண்டுமென்று அடம்பிடித்து நாகர்கோவிலில் சேர்ந்தேன்.

2000இல் அமெரிக்காவில் வேலைக்குச் சேர்ந்தேன். முதல் வருடம் முழுக்கச் சோதனை மேடைதான். பைப்பும் வால்வும் தொட்டியும் வைத்து உடம்பின் இரத்த ஓட்டத்தைப் போலி செய்கிற ஒரு சுற்று. தண்ணீரோடு கிளிசரின் கலந்தால் இரத்தத்தின் கொழகொழப்பு வரும். ஆனால் கிளிசரினுக்கு அடிபடத் தெரியாது. அதனால் மாட்டிறைச்சிக் கூடத்துக்கு விடியும் முன்பே கேனோடு போய், உறையாமல் இருக்க மருந்து கலந்து, இரத்தம் வாங்கி வருவோம். 450 மில்லி இரத்தத்தைச் சின்னச் சுற்றில் விட்டு, நிமிடத்துக்கு 5 லிட்டர் ஓட்டத்தில் 6 மணி நேரம் பம்பை ஓட்டுவது. மணிக்கு ஒருமுறை மாதிரி எடுத்து, சுழற்றி, மேலே தெளியும் பிளாஸ்மாவின் நிறத்தைப் பார்ப்பது. பனி கொட்டுகிற இருட்டில் கேனைச் சுமந்து வரும்போது, அதே நேரம் ஊரில் அப்பா வாளியோடு நடந்திருப்பார் என்று கணக்குப் போடுவேன். நேர வித்தியாசத்தால் அது சரியாக வராது. ஆனாலும் போடுவேன்.

அந்த வருடங்களில் நான் செய்த ஒரு தப்பைச் சொல்ல வேண்டும். நான் வரைந்த பம்பில் இரத்தம் உள்ளே வரும் குழாயும் உடலும் சேரும் இடத்தில் ஒரு மெல்லிய படி இருந்தது. தலைமுடித் தடிமன் இருக்கும். கொஞ்சம் கூடக்குறைய இருக்கலாம் என்று வரைபடத்தில் இரண்டு பாகத்துக்கும் நான் கொடுத்த அளவு விலக்கங்கள் ஒன்றோடொன்று கூடி அப்படி வந்துவிட்டது. கணினியில் பிரச்சினை தெரியவில்லை. ஆறு மணி நேரச் சோதனையிலும் தெரியவில்லை. கன்றுக்குட்டிக்கு வைத்தோம். நாலு வாரம் நன்றாக மேய்ந்தது, என் கையில் இருந்து வைக்கோல் வாங்கித் தின்றது. ஐந்தாவது வாரம் சோர்ந்தது. பிறகு உடலைத் திறந்து பார்த்தபோது சிறுநீரகத்தில் வெளிறிப்போன ஆப்பு வடிவத் திட்டுகள். இரத்தக் கட்டு போய் அடைத்த தடம். பம்பைப் பிரித்தேன். அந்தப் படியில், பாதி ஒட்டியும் பாதி ஆடிக்கொண்டும், சிவப்பாக ஒரு தோல்.

அன்றைக்கு ஊருக்குப் போன் போட்டு அப்பாவிடம் ஒன்றும் சொல்லாமல் வேறு ஏதோ பேசிவிட்டு வைத்தேன்.

இதில் ஒரு விந்தை உண்டு. இரத்தம் தொடும் பரப்பை எவ்வளவு வழவழப்பாக்க முடியுமோ அவ்வளவு வழவழப்பாக்குவது ஒரு வழி. 1990களில் பயன்பட்ட ஹார்ட்மேட் பம்புகளில் நேரெதிராகச் செய்தார்கள். நுண்ணிய டைட்டானியக் குண்டுமணிகளைச் சூட்டில் ஒட்டவைத்து, பரப்பை வேண்டுமென்றே சொரசொரப்பாக்கினார்கள். இரத்தம் அதில் படிந்து, பிடித்து, உடம்பே தன் அணுக்களால் ஒரு மெல்லிய தோலைப் போர்த்திக்கொள்ளும். அசையாத தோல். அதன்மேல் ஓடும் இரத்தத்துக்கு அது அந்நியமில்லை. முழுசா ஒட்டி நிக்கணும், இல்லேன்னா முழுசா உரிஞ்சு போவணும். அந்தக் கட்டுரையை முதலில் படித்தபோது அப்பாவின் குரலிலேயே படித்தேன்.

செயற்கை இதயத்தின் வரலாற்றைப் பத்திரிகைகள் நாட்களால் அளக்கின்றன. 1969 ஏப்ரலில் ஹூஸ்டனில் டென்டன் கூலி வைத்த இதயம் 64 மணி நேரம். 1982 டிசம்பரில் யூட்டாவில் பார்னி கிளார்க் என்ற பல் மருத்துவருக்கு வைத்த ஜார்விக்-7, 112 நாள். அதே வகை இதயத்தோடு வில்லியம் ஷ்ரோடர் 620 நாள். இந்த எண்களுக்குள் என்ன இருந்தது என்பதுதான் எனக்கு முக்கியம். கிளார்க்கின் இதயத்தை இயக்கிய காற்றழுத்தப் பெட்டி ஒரு வாஷிங் மெஷின் அளவு. அதில் இருந்து குழாய்கள் வயிற்றின் வழியே உள்ளே போயின. இரண்டு வாரத்துக்குள் ஒரு வால்வு முறிந்து, மறுபடி நெஞ்சைத் திறந்தார்கள். ஷ்ரோடருக்கு மூன்று வாரம் ஆவதற்குள் பக்கவாதம் வந்தது, பிறகும் வந்தது. தோற்றது பம்பின் பலம் இல்லை. இரத்தம் எங்கேயோ நின்றிருக்கிறது. இந்த இருவரையும் சோதனை எலிகள் என்று எழுதுகிறவர்கள்மேல் எனக்குக் கோபம் உண்டு. தெரிந்தே சம்மதித்தவர்கள் அவர்கள். நான் வரைந்த ஒவ்வொரு வளைவிலும் அவர்களுடைய நாட்கள் இருக்கின்றன.

இதயத்தைப் போலவே சுருங்கி விரிய வேண்டும் என்றுதான் நெடுங்காலம் எல்லோரும் முயன்றார்கள். விரியும் சவ்வு வருடத்துக்கு மூன்றரைக் கோடி தடவை மடங்க வேண்டும். எந்த பாலியூரித்தேன் பிளாஸ்டிக்கும் ஒருநாள் களைக்கும். சுழலும் இறக்கைக்கு மடங்கும் வேலை இல்லை. அதைக் காந்தப் புலத்தில் மிதக்க விட்டால் தேயும் இடமும் இல்லை. எதையும் தொடாமல் இரத்தத்துக்குள் அந்தரத்தில் சுழலும். சரியான வழி இதுதான் என்று நான் 2005 வாக்கிலேயே முடிவுக்கு வந்துவிட்டேன். இதே வழியில் பிரிஸ்பேனைச் சேர்ந்த டேனியல் டிம்ஸ் 2001இலேயே மாணவராக நடக்கத் தொடங்கியிருந்தார். அவருடைய அப்பா பிளம்பர். இதயம் பலவீனமாகிக்கொண்டிருந்த அந்த அப்பாவும் மகனும் சேர்ந்து கடையில் வாங்கிய பைப்புகளை வைத்துச் சோதனைச் சுற்றுக் கட்டினார்களாம். 2006இல் அப்பா போய்விட்டார். மகன் விடவில்லை. பைவாகோர் என்ற அந்த டைட்டானிய இதயத்தில் ஒரே ஒரு சுழலி. ஒரு பக்கம் நுரையீரலுக்கும் மறுபக்கம் உடம்புக்கும் தள்ளும். இரண்டு பக்கமும் சமமாக இல்லாவிட்டால் நுரையீரலில் நீர் கோத்துவிடும் என்பதால், சுழலியே ஒரு மயிரிழை இப்படியும் அப்படியும் நகர்ந்து கணக்கை நேர் செய்யும். 2024 ஜூலை 9 அன்று ஹூஸ்டனில் முதல் மனிதருக்கு வைத்தார்கள். எட்டு நாள் தாங்கிப் பிடித்து, தானமாக வந்த இதயத்துக்கு இடம் கொடுத்தது. அந்த நவம்பரில் சிட்னியில் வைத்துக்கொண்டவர் அதோடு வீட்டுக்கே போனார், 100 நாட்களுக்குமேல் வாழ்ந்து பிறகு மாற்று இதயம் பெற்றார். செய்தியைக் குலசேகரம் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து படித்தேன். ஒரு பிளம்பர் மகன். கண் நிறைந்துவிட்டது.

டைட்டானியம் என்றதும் எனக்கு மணவாளக்குறிச்சிதான். சித்தி வீடு அங்கே. கடற்கரையில் கறுப்பு மணல் வரிவரியாகப் படிந்திருக்கும், மத்தியானத்தில் கால் வைக்க முடியாது. அந்தக் கறுப்பில் பெரும்பங்கு இல்மனைட், இரும்பும் டைட்டானியமும் ஆக்சிஜனும் சேர்ந்த தாது. 1909இல் ஷோம்பர்க் என்ற ஜெர்மானிய வேதியியலர் இந்த மணலில் தோரியம் உள்ள மோனசைட் தாதுவைக் கண்டதில் இருந்து உலகத்துக்கு இந்த ஊர் தெரியும். மாண்டில் விளக்குக்குத் தோரியம் வேண்டியிருந்த காலம் அது. நான் கையாண்ட பம்புகளின் உடல் டைட்டானியத்தோடு நூற்றுக்கு 6 பங்கு அலுமினியமும் 4 பங்கு வனேடியமும் சேர்த்த கலவை. காற்றுப் பட்டவுடனே தன்மேல் ஓர் ஆக்சைடு தோலைப் போர்த்திக்கொள்ளும், அதனால் உடம்பு அதைச் சகித்துக்கொள்கிறது. மணலில் இருந்து அந்த நிலைக்கு வருவது நீண்ட பாதை. குளோரினோடு வினைசெய்து, மக்னீசியத்தால் ஒடுக்கி, பஞ்சு போன்ற உலோகமாக்கி, உருக்கி. 2011இல் இருந்து கேரளத்தில் சவறையில் அந்தப் பஞ்சு உலோகத்தைச் செய்கிறார்கள்.

2017 நவம்பர் 30, ஒக்கி புயல். நான் அமெரிக்காவில் இருந்தேன். கடலுக்குப் போனவர்களின் செய்தி வரவர எதையும் தின்ன முடியவில்லை. எங்கள் பக்கம் ரப்பரும் வாழையும் வேரோடு சாய்ந்தன, கம்பங்கள் விழுந்தன, பல நாட்கள் கரண்ட் இல்லை. போன் கிடைத்ததும் தம்பியிடம் முதலில் கேட்டது அம்மையின் ரத்தம் கட்டாமல் இருக்கிற மாத்திரை இருக்கிறதா என்றுதான். இருந்தது. வால்வுக்குக் கரண்ட் வேண்டாம். அன்றைக்கு ராத்திரி எனக்கு உறைத்தது. எங்கள் பம்பு ஒன்றை வைத்துக்கொண்ட ஒருவர் அந்த வீட்டில் இருந்திருந்தால்? ஒரு ஜோடி பேட்டரி ஒரு நாளுக்கு மேல் வராது. வயிற்றைத் துளைத்து வெளியே வருகிற அந்த ஒயரின் வழியே கிருமி ஏறும், எங்கள் ஊர் வேர்வையிலும் மழையிலும் இன்னும் எளிதாக. திற்பரப்பு அருவியில் நிற்க முடியாது, குளத்தில் முங்க முடியாது. தோலுக்கு வெளியே இருந்து ஒயர் இல்லாமலே சக்தி அனுப்பலாம் என்பதை 2001இல் அபியோகோர் என்ற செயற்கை இதயம் காட்டியது. ஆனால் நம்பகமாக, சிறிதாக, நம்மால் வாங்க முடிகிற விலையில் அது வருகிற வரைக்கும் இந்த இதயம் நகரத்து மருத்துவமனையில் இருந்து கூப்பிடு தூரத்தில் வாழ்கிறவர்களுக்கு மட்டும்தான். அந்த ராத்திரி எடுத்த முடிவில்தான் 2023இல் ஊருக்கு வந்தேன்.

வரும்போது, எந்த மனிதருக்கும் வைக்காமல் கழித்துவிட்ட ஒரு பம்பையும் அனுமதி வாங்கிக் கொண்டுவந்தேன். வீட்டின் பின்திண்ணையில் தொட்டி, கிளிசரின் தண்ணீர், மென்குழாய் என்று ஒரு சுற்றுக் கட்டினேன். அப்பாவின் முழங்காலுக்குத் தைலம் போட வருகிற வர்ம ஆசான் ஒருநாள் அதைப் பார்த்துக்கொண்டே நின்றார்.

"இது வெச்ச ஆளுக்கு நாடி எப்பிடி இருக்கும்?"

"பலபேருக்குக் கிடைக்காது ஆசானே. நிக்காம ஓடிட்டே இருக்கும், அடிக்காது."

"நாடி இல்லாம ஆளு நடக்குதா?"

"நடக்குது. பேசுது, சிரிக்குது."

அவர் ஒன்றும் சொல்லாமல் குழாயின்மேல் மூன்று விரலை வைத்தார். நான் பம்பை ஓட்டினேன். "ஓடுது. அடிக்கல்ல" என்றார். சுழலியின் வேகத்தை இரண்டு வினாடிக்கு ஒருமுறை தணித்து ஏற்றுகிற முறை ஒன்று உண்டு, இன்றைய பம்புகளில் அது இருக்கிறது. அதைப் போட்டேன். விரல்கள் லேசாக எழும்பின. "இப்ப அடிக்குது." கண்ணை மூடி நெடுநேரம் இருந்தார். அப்பா கட்டிலில் இருந்து எங்களையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"மூச்சை இழுத்தா நாடி கொஞ்சம் வேகமாவும், விட்டா தணியும். சின்னப் பிள்ளைகளுக்கு நல்லாத் தெரியும். இதுக்கு மூச்சு தெரியல்லியே மக்களே."

எனக்குப் பதில் வரவில்லை. அது உண்மை. உடம்பில் இருக்கும் இதயம், தன்னிடம் வந்து சேர்வது எவ்வளவோ அவ்வளவைத் தள்ளும். நடந்தால் கூட்டும், படுத்தால் குறைக்கும், ஒவ்வொரு மூச்சுக்கும் அசைந்து கொடுக்கும். எங்கள் பம்புகள் பெரும்பாலும் சொன்ன வேகத்தில் ஓடும். அதை உடம்பின் பேச்சைக் கேட்க வைப்பதுதான் இன்று பல ஆய்வுக்கூடங்களில் நடக்கிற வேலை. நானே அதில் வருடக்கணக்கில் இருந்திருக்கிறேன். அழுத்தமும் ஓட்டமும்தான் என் கணக்கில் இருந்தன. மூச்சை இரைச்சல் என்று வடிகட்டி எறிந்திருந்தேன்.

அடுத்த தடவை ஆசான் வருவதற்குள் ஒரு வாரம் இருந்தது. நெஞ்சின் விரிவை அளக்கிற ஒரு துணிப்பட்டையைத் தைத்து, அதன் அளவைப் பம்பின் வேகத்தோடு இணைக்கும் நிரலை எழுதினேன். மூன்று தடவை தப்பாகப் போயிற்று. நாலாவதில் ஓடியது.

வெள்ளிக்கிழமை ஆசான் வந்தார். தைலக் குப்பியைக் கீழே வைத்துவிட்டுக் குழாயில் அதே மூன்று விரலை வைத்தார். அம்மை உள்ளிருந்து வந்து வாசல்நிலையில் சாய்ந்து நின்றாள். பின்திண்ணை அமைதியாக இருந்ததால் அவளுடைய வால்வின் சத்தம்கூடக் கேட்டது. பட்டையை என் நெஞ்சில் இறுக்கிக் கட்டினேன். ஆசான் கண்ணை மூடிக்கொண்டார்.

நான் மூச்சை உள்ளே இழுத்தேன்.